வசந்தகோகிலம்: கேட்டவைக்குப் பதில்

கிளிநொச்சியில இருந்து: ‘ஹரிதாஸ்’ படம் எண்டால் தியாகராஜ பாகவதரையும் டி. ஆர். ராஜகுமாரியையும்தான் எல்லாரும் கதைக்கினம். மனைவியா வாறவ ஆர் ஐயா?

என். சி. வசந்தகோகிலம். இரிஞ்சாலக்குடாவில பிறந்து நாகபட்டினத்தில சங்கீதம் படிச்சவ. உண்மையில கச்சேரிக்காரி. 1938இல சென்னை மியூசிக் அகடமிப் போட்டியில வாய்ப்பாட்டுக்கு முதற்பரிசு எடுத்தவ. ‘ஹரிதாஸ்’ 1944 தீபாவளிக்கு வந்து, பிராட்வே தியேட்டரில மூண்டு தீபாவளி கண்ட படம். தாசி ரம்பாவா வந்த ராஜகுமாரி சனத்தின்ர கண்ணைப் பிடிச்சுக்கொண்டா. மனைவி லட்சுமிக்குக் கிடைச்சது அழுகையும் பொறுமையும்தான். ஆனா ‘எனது மனம் துள்ளி விளையாடுதே’ வரேக்க படத்தைப் பாக்காமல் கேளுங்கோ. அந்தப் படத்தின்ர நல்ல குரல் ஆரிட்ட எண்டு விளங்கும். பாகவதரின்ர ரசிகர்கள் சண்டைக்கு வந்தாலும் இதைத்தான் சொல்லுவன்.

மல்லாவியில இருந்து: நடிப்பு எப்பிடி?

சுமார்தான், தம்பி. பாடத் தெரிஞ்ச ஆளைத் தேடிப் பிடிச்சு நடிக்க விட்ட காலம் அது. 1941இல வந்த ‘வேணுகான’த்தில அவவும் சங்கீதக்காரி, சோடி வி. வி. சடகோபனும் சங்கீதக்காரர்.

முள்ளியவளையில இருந்து: நாரதர் வேஷமும் கட்டினவவாமே? சனம் சிரிக்கேல்லையோ?

1950இல ‘கிருஷ்ண விஜயம்’. உங்கட ஊர்க் கோவலன் கூத்தில ஆம்பிளை சேலை கட்டிக் கண்ணகியா வந்தால் ஆர் சிரிச்சவை? பாட்டு நல்லா இருந்தால் வேஷம் எடுபடும். 1935இலேயே கே. பி. சுந்தராம்பாள் நந்தனாராவும், 1941இல எம். எஸ். சுப்புலட்சுமி நாரதராவும் வந்திட்டினம்.

புதுக்குடியிருப்பில இருந்து: கரன்ட் இல்லாத காலத்தில அப்பா சைக்கிள் டைனமோவில கசற் போடுவார். அதில அவவின்ர குரல் தடிப்பா இருந்தது. இப்ப யூரியூப்பில கீச்செண்டு கேக்குது. எது சரி?

அருமையான கேள்வி, பிள்ளை. மிதிக்கிற கால் களைச்சால் நாடா மெதுவா ஓடும், சுருதி இறங்கும். அப்பா களைக்கக் களைக்க வசந்தகோகிலம் பாகவதரா மாறியிருப்பா! ஆனா யூரியூப்பையும் அப்பிடியே நம்பாதேங்கோ. பழைய இசைத்தட்டை எல்லாரும் சரியான வேகத்தில ஓடவிட்டுப் பதியேல்ல. மிருதங்கத்தைக் கேளுங்கோ, அது கஞ்சிரா மாதிரித் துள்ளினால் பதிவு வேகமா ஓடுது எண்டு அர்த்தம். எப்பிடிப் பாத்தாலும் அவ மேற்சுருதிக்காரிதான். தாரஸ்தாயியில, அதாவது மேல் ஸ்தாயியில நிண்டு, பிர்கா எண்ட வேகமான சுரக்கோர்வையை உதிர்த்தாலும் குரல் கிழியாது.

துணுக்காயில இருந்து: பிறகு ஏன் படத்தில காணேல்ல?

1951 நவம்பரில காசநோயில போயிட்டா. வயசு முப்பத்திரண்டு.

வவுனியாவில இருந்து: நான் சங்கீதம் படிக்கிறன். அவவின்ர எந்தப் பாட்டில தொடங்கலாம்?

‘மகாலட்சுமி ஜகன்மாதா’. சங்கராபரண ராகம், பாபநாசம் சிவன் பாட்டு. ‘தந்தை தாய் இருந்தால்’ கேக்க உருக்கமா இருக்கும், பாடப்போனால் மூச்சு வாங்கும். அதைப் பிறகு பாருங்கோ. இசைத்தட்டின்ர ஒரு பக்கத்தில மூண்டரை நிமிஷம் மட்டில்தான் பிடிக்கும், அதனால அவ அவசரமாப் பாடுவா. நீங்கள் அந்த வேகத்தைப் பிடிக்காதேங்கோ. உங்கட ரீச்சர் சொல்லித்தாற வேகத்தில ஆறுதலாப் பாடிப் பழகுங்கோ.