புருவம் அரிக்கிறதா? முதலில் தலையைக் காட்டுங்கள்

எங்கள் கிளினிக்கில் இரண்டு அறை. இடது அறையில் தோலுக்கு நான், வலது அறையில் கண்ணுக்கு என் கணவர். நெற்றியும் கன்னமும் என்னுடையவை, கருவிழி அவருடையது. நடுவில் கிடக்கும் புருவமும் இமையும்தான் இருபத்தைந்து வருடமாக எல்லைத் தகராறு. அரிப்போடு வருகிறவர்கள் இரண்டு டோக்கன் வாங்கிக்கொண்டு அங்கேயும் இங்கேயும் அலைவார்கள். இந்த மாதம் வந்த கடிதக் கட்டில் அந்த வரப்பின் மேலேயே நிற்கிறவை ஆறு. முகப்பருவும் பித்தவெடிப்பும் கேட்டவர்கள் அடுத்த மாதம் வரை பொறுத்துக்கொள்ளுங்கள்.

*எனக்கு 34 வயது. ஜவுளிக்கடை வைத்திருக்கிறேன். நாலு மாதமாக இரண்டு புருவமும் அரிக்கிறது. சொறிந்தால் தவிடு மாதிரி கொட்டுகிறது. வறட்சி என்று நினைத்து ராத்திரி தேங்காய் எண்ணெய் தடவிக்கொண்டு படுக்கிறேன். மெடிக்கலில் ஒரு ட்யூப் கொடுத்தார்கள். போட்டால் மூன்றே நாளில் நிற்கிறது, விட்டால் முன்னைவிட அதிகமாக வருகிறது. – வாசகர், ஈரோடு*

'தவிடு' என்ற ஒரு வார்த்தையிலேயே பாதி நோயைச் சொல்லிவிட்டீர்கள். நேரில் வந்திருந்தால் நான் புருவத்தைக் கடைசியாகத்தான் பார்த்திருப்பேன். முதலில் தலையைக் குனியச் சொல்லி வகிட்டைப் பிரித்துப் பார்ப்பேன். அப்புறம் காதுக்குப் பின்னால், மூக்கின் இரண்டு பக்க மடிப்பில், மீசைக்கு அடியில். இந்த இடங்களிலும் சிவந்து, மஞ்சளாக எண்ணெய்ப் பசையுள்ள செதில் இருந்தால் அது பொடுகு. பொடுகு தலைக்கு மட்டுமே உரியது என்று யார் சொன்னது? எண்ணெய்ச் சுரப்பி நிறைய இருக்கும் எந்த இடத்துக்கும் அது வரும். புருவம் அதற்குப் பிடித்த இடம்.

மலசீசியா என்றொரு ஈஸ்ட் எல்லோர் தோலிலும் குடியிருக்கிறது. தோலில் சுரக்கும் எண்ணெயைச் சிதைத்துத் தின்பதுதான் அதன் பிழைப்பு. தின்ற பிறகு மிஞ்சும் கொழுப்பு அமிலம் சிலருடைய தோலுக்கு ஒத்துக்கொள்வதில்லை. அங்கேதான் சிவப்பும் அரிப்பும் செதிலும். ஆக, நீங்கள் ராத்திரி தடவுகிற எண்ணெய் மருந்தில்லை, அதற்கு நீங்கள் போடுகிற பந்தி. எண்ணெய் பட்டதும் செதில் படிந்துபோவதால் குணமானது போலத் தெரியும், அவ்வளவுதான்.

எண்ணெயை நிறுத்துங்கள். கீட்டோகோனசோல் 2 சதவீத ஷாம்பூ வாங்கி வாரத்துக்கு இரண்டு முறை தலைக்குப் போட்டு ஐந்து நிமிடம் ஊறவிடுங்கள். அந்த நுரையிலிருந்தே கொஞ்சம் விரல் நுனியில் எடுத்து, கண்ணை இறுக மூடிக்கொண்டு புருவத்திலும் மீசையிலும் தேய்த்து, நன்றாக அலசிவிடுங்கள். நாலு வாரம் இப்படி. அடங்கிய பிறகும் வாரம் ஒருமுறையோ, இரண்டு வாரத்துக்கு ஒருமுறையோ விடாமல் செய்யுங்கள். இது வேரோடு போகிற நோயில்லை. தூக்கம் கெட்டால், மனசு சரியில்லை என்றால், பனிக்காலம் வந்தால் எட்டிப் பார்க்கும்.

அந்த ட்யூப்தான் எனக்குக் கவலை. பெட்டியில் பொடி எழுத்தில் போட்டிருப்பதைப் படியுங்கள். கிளோபெட்டசால், பீட்டாமெத்தசோன் என்று ஏதாவது இருந்தால் அது வீரியமான ஸ்டீராய்டு. இந்த வகைப் பூச்சுகளை டாக்டர் சீட்டு இல்லாமல் விற்கக்கூடாது என்று 2018-லேயே அரசு விதியைக் கொண்டுவந்தது. வாங்குகிற நாமும் கேட்பதில்லை, விற்கிறவரும் கேட்பதில்லை. உடம்பிலேயே மெல்லிய தோல் இமைத்தோல். மாதக்கணக்கில் போட்டால் தோல் மெலிந்து ரத்தக்குழாய் தெரியும். மருந்து கண்ணுக்குள் இறங்கினால் கண் அழுத்தம் ஏறும், புரையும் சீக்கிரம் விழும். ட்யூபை எடுத்துக்கொண்டு ஒரு தோல் டாக்டரைப் பாருங்கள், கண் அழுத்தத்தையும் ஒருமுறை அளந்துவிடுங்கள்.

உங்களுக்கு உபதேசம் செய்கிற நானே மேல்படிப்புப் பரீட்சை நேரத்தில் ஹாஸ்டலில் புருவத்தைச் சொறிந்துகொண்டு அலைந்தவள்தான். வார்டு ரவுண்ட்ஸில் என் பேராசிரியர் நோயாளியை விட்டுவிட்டு என்னைப் பார்த்து, "முதல்ல உன் தலையைக் கவனிம்மா" என்றார். அன்றைக்குத்தான் எனக்கே உறைத்தது.

*அம்மாவுக்கு 67 வயது, சர்க்கரை உண்டு. இமைமுடியின் வேரில் அரிப்பு. காலையில் எழுந்ததும் தாங்க முடியவில்லை என்கிறார். அலர்ஜி என்று மூன்று விதமான சொட்டு மருந்து போட்டாயிற்று. – வாசகி, காரைக்குடி*

இது வலது அறைக் கேஸ். ஆனால் பார்க்க எனக்குப் பிடிக்கும் என்பதால் இப்படி யாராவது வந்தால் அவர் என்னைக் கூப்பிடுவார். கண்ணைப் பெரிதாக்கிக் காட்டும் ஸ்லிட் லேம்ப்பில் மோவாயை வைத்து, "கீழே பாருங்கம்மா" என்று சொல்ல வேண்டும். அந்தக் 'கீழே' முக்கியம். நேராகப் பார்த்தால் இமைமுடியின் அடிப்பகுதி தெரியாது. கீழே பார்க்கும்போது ஒவ்வொரு முடியின் வேரிலும், வெங்காயத் தாளின் அடியில் சருகு சுற்றியிருப்பது போல, கண்ணாடி நிறத்தில் ஒரு வளையம் சுற்றியிருந்தால் முடிந்தது கதை. டெமோடெக்ஸ் என்ற, வெறுங்கண்ணுக்குத் தெரியாத பூச்சி. ஒரு முடியைப் பிடுங்கி மைக்ராஸ்கோப்பில் வைத்தால் எட்டுக் குட்டைக் கால்களோடு ஆளே தெரியும். நீளம் ஒரு மில்லிமீட்டரில் மூன்றில் ஒரு பங்கு. வெளிச்சம் அதற்கு ஆகாது. பகலில் முடிக்குழிக்குள் தலைகீழாகக் கிடந்து, ராத்திரி வெளியே வந்து நடமாடும். காலை அரிப்பு அதனால்தான்.

அம்மாவிடம் 'பூச்சி' என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். அப்படி ஒருமுறை நான் வாய்விட்டுவிட்டேன். அந்த அம்மாள் வீட்டிலுள்ள தலையணை உறையை எல்லாம் வேக வைத்ததோடு நிற்காமல், இமையைக் கிருமிநாசினியால் கழுவிக்கொண்டு மறுநாள் வீங்கிய கண்ணோடு வந்து நின்றார். வயதானால் பெரும்பாலோருக்கு இது இருக்கும், அழுக்கால் வருவதில்லை. கூட்டம் பெருகும்போதுதான் தொல்லை.

என்ன செய்வது? சுத்தமான வெள்ளைத்துணியை வெந்நீரில் நனைத்துப் பிழிந்து, மூடிய இமை மேல் ஐந்து நிமிடமாவது ஒத்தடம் கொடுங்கள். துணி இரண்டு நிமிடத்தில் ஆறிவிடும், திரும்பத் திரும்ப நனைக்க வேண்டும். சர்க்கரை உள்ளவர் என்பதால் சூட்டை உங்கள் மணிக்கட்டில் வைத்துப் பார்த்துவிட்டுக் கொடுங்கள். மேல் இமைக்குள் மட்டும் 25 முதல் 40 வரை எண்ணெய்ச் சுரப்பிகள் உண்டு. அவற்றில் உறைந்த நெய் மாதிரி அடைத்திருப்பது இந்தச் சூட்டில் இளகும். இளகியதும் மேல் இமையை மேலிருந்து கீழாக, கீழ் இமையைக் கீழிருந்து மேலாக விரலால் லேசாக நீவி, இமை விளிம்பைச் சுத்தம் செய்வதற்கென்று விற்கும் ஈரத்துணியால் முடியின் வேரை ஓரமாகத் துடையுங்கள். தினம் இரண்டு வேளை. அந்தப் பூச்சியின் ஆயுள் இரண்டு மூன்று வாரம்தான், ஆனால் முட்டை பொரித்துக்கொண்டே இருக்கும். ஆறு வாரத்துக்குக் குறைந்து விடக்கூடாது.

டீ ட்ரீ ஆயில் நல்லது என்று யாராவது சொல்வார்கள். உண்மைதான், அது இந்தப் பூச்சியைக் கொல்லும். ஆனால் பாட்டிலில் இருக்கிறபடியே இமையில் வைத்தால் கருவிழி புண்ணாகிவிடும். நீர்த்த அளவில் தயாரித்ததை டாக்டர் சொன்னால் மட்டும் பயன்படுத்துங்கள். 2023-இல் அமெரிக்காவில் இதற்கென்றே லோட்டிலானர் என்ற சொட்டு மருந்துக்கு அனுமதி கொடுத்தார்கள். நாய்க்கு உண்ணிக்குக் கொடுக்கும் மாத்திரையில் இருப்பதும் அதே மருந்துதான்! இதையும் அம்மாவிடம் சொல்ல வேண்டாம்.

*இமை மட்டும் வீங்கிச் சிவந்து அரிக்கிறது. நான் மைகூட வைப்பதில்லை. கண்ணில் ஒன்றுமில்லை என்கிறார்கள். – வாசகி, சென்னை*

கடிதத்தோடு உங்கள் கையைப் போட்டோ எடுத்து அனுப்பியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். சொல்கிறேன். சில வருடம் முன்பு ஒரு பெண் இதே குறையோடு மூன்று முறை என்னிடம் வந்தாள். சோப்பு, ஷாம்பூ, தலையணை, முகப்பவுடர் என்று வக்கீல் மாதிரிக் குறுக்கு விசாரணை செய்தேன். ஒன்றும் கிடைக்கவில்லை. மூன்றாம் முறை போகும்போது பர்ஸைத் திறந்து ரூபாய் எண்ணினாள். பத்து விரலிலும் புதிதாக மெரூன் நிறம் பளபளத்தது. இரண்டு முறையும் அந்தக் கை என் மேஜை மேல்தான் இருந்தது, நான் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டேன்.

நெயில் பாலிஷில் உள்ள பிசின் ஒத்துக்கொள்ளாதவர்களுக்கு விரலில் ஒன்றும் ஆகாது, அங்கே நகமும் தோலும் தடிப்பு. அறியாமல் ஒரு நாளைக்கு எத்தனை முறை இமையைத் தொடுகிறோம்? மெல்லிய தோல் அங்கே காட்டிக்கொடுத்துவிடும். இதே கதைதான் ஹேர் டைக்கும். தலையில் போட்ட கறுப்புக்கு இமை வீங்கும். கூந்தலில் பூசும் சீரம், ஒட்டும் இமைமுடியின் பசை, ஸ்டிக்கர் பொட்டின் பசை எல்லாம் சந்தேகப் பட்டியலில் உண்டு. பொட்டு என்றால் தடம் நடுநெற்றியிலேயே வட்டமாகத் தெரியும். எல்லாவற்றையும் இரண்டு வாரம் நிறுத்துங்கள். அடங்கினால் ஒவ்வொன்றாக, வாரத்துக்கு ஒன்று என்று திரும்ப எடுங்கள். ஆள் பிடிபடவில்லை என்றால் முதுகில் இரண்டு நாள் ஒட்டிவைத்துப் பார்க்கும் பேட்ச் டெஸ்ட் இருக்கிறது.

*களை பறிக்கப் போய் வந்தால் இமை, கழுத்து, முழங்கை மடிப்பு மூன்றும் அரிக்கிறது. – வாசகர், தருமபுரி*

உங்கள் வரப்பில் கேரட் இலை மாதிரி இலையும், உச்சியில் சின்னச் சின்ன வெள்ளைப் பூவுமாக ஒரு செடி நிற்கும். பார்த்தீனியம். 1950-களில் நம் நாட்டில் தலைகாட்டியது, இன்றைக்கு இல்லாத ஊரில்லை. தொடவே வேண்டாம், காய்ந்த செடியின் தூள் காற்றில் வந்து மடிப்புகளில் தங்கினாலே போதும். அந்தச் செடியைப் பூக்கும் முன்பு, உறை போட்ட கையால், உங்களுக்குப் பதிலாக வேறொருவர் பிடுங்கட்டும். வயலிலிருந்து வந்ததும் குளித்துத் துணியை மாற்றுங்கள். அதோடு ஒருமுறை தோல் டாக்டரையும் பாருங்கள், இது முற்றினால் வெயில் பட்டாலே அரிக்கும் நிலைக்குப் போகலாம்.

*ஏழு வயதுப் பையன் எந்நேரமும் கண்ணைக் கசக்குகிறான். – வாசகி, திருச்சி*

இதை வலது அறைக்கு அனுப்பினேன். அவர் மருந்துச் சீட்டின் பின்பக்கத்தில் எழுதிக் கொடுத்தது அப்படியே: 'வெயில் காலத்தில் அதிகமா, நூல் மாதிரி பீளை வருகிறதா என்று பார்க்கச் சொல். கசக்கவே விடக்கூடாது. வருடக்கணக்கில் கசக்கினால் கருவிழி கூம்பு மாதிரி வெளியே தள்ளும், பிறகு கண்ணாடி போட்டாலும் பார்வை சரிவராது. குளிர்ந்த நீரில் துணி நனைத்து வைக்கலாம். சொட்டு மருந்து கடையில் கேட்டு வாங்க வேண்டாம். நேரில் வரட்டும்.' அவர் பேச்சும் இப்படித்தான்.

*வலது புருவம் அரித்தால் பணம் வருமா? – வாசகர், நாகர்கோவில்*

பாட்டி சொன்னது துடிப்பைப் பற்றி, அரிப்பைப் பற்றி அல்ல. துடித்தால் தூக்கத்தைக் கூட்டுங்கள், காபியைக் குறையுங்கள். அரித்தால் பணம் வருகிறது, எங்களுக்கு.

*இரண்டு நாளாக இடது புருவத்தில் மட்டும் அரிப்பும் எரிச்சலும். சீப்பு பட்டால் ஷாக் அடித்தது போல இருக்கிறது. இன்று காலை நெற்றியில் நாலைந்து கொப்புளம். அக்கி என்கிறார்கள். எழுதிக்கொண்டால் போதுமா? வயது 58. – வாசகர், சங்கரன்கோவில்*

வாட்ஸ்அப்பில் வந்த கேள்வி இது. இதழில் பதில் வருவதற்குள் காலம் கடந்துவிடும் என்பதால் உடனே போனில் கூப்பிட்டுவிட்டேன். மற்றவர்களுக்காக இங்கே எழுதுகிறேன்.

சின்ன வயதில் வந்த சின்னம்மை முழுதாகப் போய்விடுவதில்லை. அந்த வைரஸ் நரம்பின் வேரில் தூங்கிக்கிடந்து, பெரும்பாலும் ஐம்பதைத் தாண்டி உடம்பு தளரும்போது ஒரு நரம்பைப் பிடித்துக்கொண்டு வெளியே வரும். அதனால்தான் ஒரு பக்கம் மட்டும், நடுநெற்றிக் கோட்டோடு நின்றுவிடும். முதல் ஓரிரு நாள் கொப்புளம் இருக்காது, வெறும் அரிப்பும் குத்தலும்தான். பொடுகு இரண்டு புருவத்தையும் பிடிக்கும், இது ஒன்றை மட்டும். கொப்புளம் வந்து 72 மணி நேரத்துக்குள் வைரஸ் மாத்திரை ஆரம்பித்துவிட வேண்டும்.

அக்கி எழுதுவதை நான் கேலி செய்ய மாட்டேன். எட்டு வயதில் எனக்கு இடுப்பில் வந்தபோது ஆச்சி குயவர் வீட்டுக்குக் கூட்டிப்போனாள். செங்காவியைக் குழைத்துக் கோழி இறகால் சிங்கம் வரைந்தார். குளுகுளுவென்று இருந்தது இன்னும் நினைவிருக்கிறது. ஆனால் காவிக்கு வைரஸ் கட்டுப்படாது, கண்ணுக்கு அருகில் காவியே ஆகாது.

போனில் அவரிடம் ஒன்றே ஒன்று கேட்டேன்: "அண்ணாச்சி, மூக்கு நுனியில் கொப்புளம் இருக்கா?" மூக்கு நுனிக்குப் போகிற நரம்புக் கிளைதான் கண்ணுக்குள்ளும் போகிறது. கண்ணாடியைப் பார்த்துவிட்டு வந்து, "சின்னதா ஒண்ணு இருக்கும்மா" என்றார். அன்று சாயங்காலமே பஸ் ஏறி வந்தார். நேராக வலது அறைக்குத்தான் அனுப்பினேன். கருவிழியில் அப்போதுதான் ஆரம்பித்திருந்தது. பத்து நாளில் மாத்திரை முடிந்து, பார்வைக்கு ஒன்றும் ஆகாமல் திரும்பிப் போனார். கொப்புளம் உதிர்ந்த பிறகு வீட்டார் திருப்திக்காக நெற்றியில் கொஞ்சம் காவி பூசிக்கொண்டாராம். புருவத்துக்கு மேலேதானே என்று கேட்டுவிட்டுச் சரி என்றேன்.