கரகரத்த குரல் கிழவர்

அன்புள்ள ஐயா,

ஸ்பானிய இயக்குநர் பெர்லாங்காவின் 'எல் வெர்துகோ' பார்த்தேன். கதாநாயகன் நினோ மன்ஃப்ரேதியைவிட மாமனாராக வரும் கரகரத்த குரல் கிழவர்தான் மனதில் நிற்கிறார். பெப்பே இஸ்பெர்ட் என்று பெயராம். இப்படிப்பட்டவரைத் துணை வேடங்களிலேயே வைத்து வீணடித்துவிட்டார்களோ?

அன்புடன்,
ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

வீணடித்தார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. துணை வேடம் மட்டுமே என்பதும் சரியில்லை. 1960இல், எழுபத்து நான்கு வயதில், 'எல் கோசெசீத்தோ'வில் அவர்தான் நாயகன். நடக்க முடிந்தும், நண்பர்களிடம் இருப்பதுபோல் தனக்கும் மோட்டார் சக்கர நாற்காலி வேண்டும் என்று அடம்பிடிக்கும் கிழவர்.

இஸ்பெர்ட் (1886–1966) மாட்ரிட் நாடக மேடையில் வளர்ந்தவர். 1912இல் ஸ்பெயின் பிரதமர் கனலேஹாஸ் சுட்டுக்கொல்லப்பட்டதும் அதை நடித்துக் காட்டி ஒரு படம் எடுத்தார்கள். அதில் கொலையாளி இவர்தான். அரை நூற்றாண்டு கழித்து, 1963இல், நீங்கள் பார்த்த படத்தில் அரசாங்கச் சம்பளத்துக்குக் கொல்பவராக வருகிறார். ('வெர்துகோ' என்றால் மரண தண்டனையை நிறைவேற்றுபவர், இலங்கைத் தமிழில் அலுகோசு. அந்தச் சொல்லே போர்த்துக்கீசியர் விட்டுப்போனது.)

நடுவில் 1953இல் வந்த 'பியென்வெனீதோ மிஸ்டர் மார்ஷல்'. அமெரிக்கப் பணம் வரப்போகிறது என்று ஊரே வேஷம் கட்டி நிற்கிறது. காது மந்தமான மேயர் இஸ்பெர்ட் பால்கனியில் நின்று பேசுகிறார்: உங்களுக்கு ஒரு விளக்கம் கடன்பட்டிருக்கிறேன், கடன்பட்ட அந்த விளக்கத்தைத் தந்துவிடுகிறேன். சுற்றிச் சுற்றி இதேதான். விளக்கம் வரவே வராது! ஸ்பெயினில் அரசியல்வாதிகளைக் கிண்டல் செய்ய இன்றும் இந்த வசனத்தை எடுக்கிறார்கள்.

சரி, உங்கள் கிழவருக்கு வருவோம். கழுத்தை இரும்பு வளையத்தால் இறுக்கிக் கொல்லும் கருவிதான் அவருடைய தொழில். அந்தக் கருவி இருக்கும் பையை அடுத்தவர் வண்டியில் மறந்து வைத்துவிட்டுப் போகிறார், நாம் குடையை மறப்பதுபோல. தன் முறைதான் மனிதத்தன்மை உள்ளது, அமெரிக்க மின்சார நாற்காலி ஆளையே கருக்கிவிடும் என்று நியாயம் வேறு பேசுகிறார். எங்கேயும் சிரிக்கவைக்க முயற்சியே இல்லை. ஓய்வுபெறப்போகும் ஒரு குமாஸ்தாவின் முகம், அவ்வளவுதான். அரசு வீடு கைநழுவக் கூடாது என்று மாப்பிள்ளையை அதே வேலைக்கு அவர் தள்ளும்போது நமக்கும் அது நியாயமாகத்தான் படுகிறது. வில்லனைப்போல நடித்திருந்தால் நாம் தப்பித்திருப்போம்.

படத்தின் பாரமெல்லாம் மன்ஃப்ரேதி தலையில். அவர் பயப்பட வேண்டும், அழ வேண்டும், காவலர்கள் இழுத்துப்போக வேண்டும். இஸ்பெர்ட்டுக்கு அந்தக் கவலை எதுவும் கிடையாது. கடைசியில், முதல் ஆளைக் கொன்றுவிட்டு வந்த மாப்பிள்ளை இனிமேல் செய்யமாட்டேன் என்கிறான். கிழவர் குரலை உயர்த்தாமல் சொல்கிறார்: "முதல் தடவை நானும் இதையேதான் சொன்னேன்."

அந்த வசனத்தை நாயகனிடம் கொடுக்க முடியுமா, சொல்லுங்கள்.