டோன்லே சாப் ஆறு ஏன் திரும்பி ஓடுகிறது? மக்கள் அதை நம்பி எப்படிப் பிழைக்கிறார்கள்?

டோன்லே சாப் கம்போடியாவின் பெரிய ஏரி. அதை மீகாங் ஆற்றோடு இணைக்கும் ஆற்றுக்கும் அதே பெயர்தான். கோடையில் ஏரித்தண்ணீர் மீகாங்குக்கு வடியும். மழைக்காலத்தில் மீகாங்கின் மட்டம் ஏறியதும் தண்ணீர் ஏரிக்குள் திரும்பிப் பாயும். கொத்தனார் டியூப் லெவலில் ஒரு முனையைத் தூக்கினால் தண்ணீர் மறுமுனைக்கு ஓடுமே, அதே கதை.

சுமார் 2,500 சதுர கிலோமீட்டர் ஏரி, நல்ல வெள்ளத்தில் 15,000 வரை விரியும். கரைக்காடு மூழ்கும், மீன்குஞ்சுகள் அங்கேதான் வளரும். வெள்ளம் வடியும்போது வலையில் விழும் பொடிமீனைத் தலை கிள்ளி, கழுவி, உப்பிட்டுப் புளிக்கவைத்தால் பிராஹோக். வருஷம் முழுக்கச் சோற்றுக்குத் துணை. (வீடுகளே மிதக்கும் ஊர்கள் அங்கே உண்டு, பள்ளிக்கூடம் உட்பட!)

கடல் ஏற்றம்தான் ஆற்றைத் திருப்புகிறது என்று சிலர் நினைக்கிறார்கள். இல்லை, மீகாங்கின் மழைவெள்ளம்தான்.