நள்ளிரவில் கொலைக் கதை, விடிந்தால் படபடப்பு

கேள்வி: எனக்கு வயது 54, ஊர் கல்லிடைக்குறிச்சி. ஓராண்டாக, இரவு உணவுக்குப் பின் உண்மைக் கொலை வழக்குகளைச் சொல்லும் காணொளிகளைக் கைப்பேசியில் பார்த்து வருகிறேன். இரண்டு மணிக்கு முன் உறக்கமில்லை. நெஞ்சு படபடக்கிறது. தாழ்ப்பாளை நான்கைந்து முறை சரிபார்க்கிறேன். வாழைத் தோட்டத்துக்குக் களைக்கொல்லி வாங்கி வந்த கணவரிடம் ரசீது கேட்கப் போய்ச் சண்டையாகிவிட்டது. இது இதய நோயா?

பதில்: களைக்கொல்லி வாங்குகிறவரை நம் பக்கத்தில் விவசாயி என்றுதான் சொல்வோம் அம்மா. சந்தேகப்பட வேண்டியது, பயத்தில் நெஞ்சைப் படபடக்கச் செய்யும் ஹார்மோனைச் சுரக்கும் தங்கள் அட்ரினல் சுரப்பிகளைத்தான். அந்தக் கொலை என்றோ எந்த ஊரிலோ நடந்தது என்று தாங்கள் அறிந்திருந்தாலும், பின்னணி இசையோடு அதைக் கேட்கும் உடல், ஆபத்து வாசலுக்கே வந்துவிட்டதாகக் கருதி நாடித் துடிப்பையும் இரத்த அழுத்தத்தையும் உயர்த்தி, உறக்கத்தைத் தள்ளிப் போடுகிறது. ஆயினும் இரத்தசோகை, தைராய்டு மிகைச் சுரப்பு, மாதவிடாய் நிற்கும் பருவம் ஆகியவையும் படபடப்பைத் தரும் என்பதால், இரத்த அழுத்தம், ஈ.சி.ஜி., ஹீமோகுளோபின், தைராய்டு ஆகியவற்றைப் பரிசோதித்துக்கொள்ளுங்கள். நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், மயக்கம் வந்தால் என் பதிலுக்குக் காத்திராமல் உடனே மருத்துவமனைக்குச் செல்லுங்கள்.

கொலைக் கதை கேட்பது நமக்குப் புதிதன்று. 1952-இல் சென்னைப் பேனா வியாபாரி ஆளவந்தாரின் கொலை வழக்கைச் செய்தித்தாளில் வரி விடாமல் படித்தவர்கள் நம் தாத்தாக்கள். அதற்கும் முன்பிருந்தே கோயில் கொடை விழாக்களில், முத்துப்பட்டன் என்னும் நாட்டார் கதை வீரன் கொலையுண்ட கதையை நள்ளிரவில் வில்லுப்பாட்டாகக் கேட்டு அழுதவர்கள் நாம். ஆனால் கொடை ஆண்டுக்கு ஒருமுறை வருவது. செத்தவன் அங்கே தெய்வமாகிப் படையல் பெறுவான், கேட்டவர்களும் அழுது தீர்த்து வீட்டுக்குப் போய் உறங்குவார்கள். கைப்பேசியிலோ செத்தவரின் பெயர் மறுநாள் நினைவிலிருப்பதில்லை, கொன்றவனின் சாமர்த்தியம் மட்டும் மனத்தில் நிற்கிறது. பயம் உச்சத்துக்கு வரும் இடத்தில் ‘மீதி அடுத்த பாகத்தில்’ என்கிறார்கள். (என் மருத்துவமனையில் அழுத்தம் பார்க்கக் காத்திருப்பவர்களே இதைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள், பிறகு அளவு கூடுதலாக இருக்கிறதென்று கருவியைக் குறை சொல்கிறார்கள்.)

பார்த்தே ஆகவேண்டுமெனில், மாலை விளக்கேற்றுவதற்கு முன் ஒன்று போதும். படுக்கையறைக்குக் கைப்பேசி வேண்டாம். மாலைக்குப் பின் காபியும் வேண்டாம். தாழ்ப்பாளை ஒருமுறை போட்டு, ‘போட்டாயிற்று’ என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டுப் படுங்கள். சில வாரங்களில் இது குறையாவிட்டால், பாளையங்கோட்டை ஹைகிரவுண்டிலுள்ள அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநலப் பிரிவை அணுகுங்கள்; அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

ரசீதைக் கணவரிடமே திருப்பிக் கொடுத்துவிடுங்கள். களைக்கொல்லியை மட்டும் சமையலறைக்கு அப்பால் பூட்டி வையுங்கள். தோட்டம் வைத்திருக்கும் எல்லா வீடுகளுக்கும் நான் சொல்வது அதுதான்.