நெருக்கடியில் விமான நிறுவனம் எதைக் குறைக்கும்? கேள்வி பதில்

2022இல் இலங்கை டாலர் இல்லாமல் தவித்தபோது ஸ்ரீலங்கன் ஏர்லைன்ஸ் எப்படித் தாக்குப்பிடித்தது, அதற்கு முன் ஏன் சில ஊர்களைக் கைவிட்டது என்று பலர் கேட்டிருந்தீர்கள். நான் வேறொரு நிறுவனத்தில் இருபது ஆண்டுகளுக்கு மேல் கால அட்டவணைப் பிரிவில் இருந்தவன். அந்த முடிவுகளுக்குப் பின்னால் உள்ள கணக்கு எனக்குப் பழக்கமானது. வந்த வரிசையிலேயே பதில் எழுதுகிறேன்.

திருச்சி வாசகர்: நட்டத்தில் ஓடும் வழித்தடத்தை உடனே நிறுத்தினால் நட்டம் குறையுமே ஐயா, ஏன் இழுத்துக்கொண்டே போகிறார்கள்?

விமானத்துக்கு இரண்டு வகைச் செலவு உண்டு. எரிபொருள், தரையிறங்கும் கட்டணம், வான்வெளிக் கட்டணம், உணவு ஆகியவை பறந்தால்தான் வரும். குத்தகை வாடகை, காப்பீடு, மாதச் சம்பளம் ஆகியவை நிறுத்தி வைத்தாலும் வரும். ஒரு வழித்தடம் முதல் வகைச் செலவை முழுவதும் ஈட்டி, இரண்டாம் வகையில் பாதியைத் தருகிறது என்று வையுங்கள். கணக்கேட்டில் அது நட்டம்தான். ஆனால் நிறுத்திவிட்டால் அந்தப் பாதியும் கையைவிட்டுப் போகும், வாடகை மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். அந்த விமானத்துக்கு அதைவிட நல்ல வேலை இருக்கவேண்டும், அல்லது அதைத் திருப்பிக் கொடுக்க வழி இருக்கவேண்டும். எண்ணெய்க் காசே தேறாத வழித்தடத்துக்கு மட்டும் இந்தப் பொறுமை தேவையில்லை.

கோவை மாணவர்: அப்படியானால் விமானத்தையே திருப்பிக் கொடுத்துவிடலாமே?

வாடகை வீட்டைக் காலி செய்வதுபோல் அல்ல, தம்பி. ஒப்பந்தம் பல ஆண்டுகளுக்கு இருக்கும், நடுவில் முறித்தால் இழப்பீடு. காலம் முடிந்து கொடுக்கும்போதும் இன்ஜின், சக்கரத் தொகுதி, இருக்கை எல்லாம் ஒப்பந்தத்தில் எழுதிய நிலையில் இருக்கவேண்டும். அதற்கான பழுதுபார்ப்புக்கே பெரும்பணம் ஆகும். அதையும் டாலரில் கொடுக்கவேண்டும். ஸ்ரீலங்கன் 2013இல் ஏ350 விமானங்களுக்கு ஒப்பந்தம் போட்டது. பிறகு அவை தன் சக்திக்கு மீறியவை என்று உணர்ந்து விலகியபோது, தன் வண்ணம் பூசி ஒரு நாளும் பறக்காத விமானங்களுக்காகப் பெருந்தொகையை இழப்பீடாகக் கொடுக்கவேண்டி வந்தது. செழிப்பான ஆண்டில் போடும் கையெழுத்துதான் வறட்சியான ஆண்டில் கழுத்தைப் பிடிக்கிறது. இதை நான் பலமுறை கண்டிருக்கிறேன்.

கொழும்பு வாசகி: 2016 இறுதியில் பாரிஸையும் ஃபிராங்க்ஃபர்ட்டையும் விட்டார்கள். லண்டனை மட்டும் ஏன் விடவில்லை?

ஐரோப்பாவிலிருந்து கொழும்புக்கு வருகிறவரை துபாய், தோஹா, அபுதாபி வழியாகக் குறைந்த கட்டணத்தில் ஏற்றிவர வளைகுடா நிறுவனங்கள் இருந்தன. நேரடி விமானம் என்பதற்காகக் கூடுதலாகக் கொடுக்கப் போதிய பயணிகள் இல்லை. லண்டன் நிலைமை வேறு. சிங்களவர், தமிழர் இரு தரப்பிலும் அங்கே பெரிய சமூகம் இருக்கிறது. கல்யாணம், கோயில் திருவிழா, பெற்றோரின் உடல்நிலை என்று ஆண்டு முழுவதும் போக்குவரத்து.

இன்னொன்று, லண்டனின் ஹீத்ரோ விமான நிலையத்தில் தரையிறங்கவும் புறப்படவும் ஒதுக்கப்படும் நேரம். ஒரு பருவத்தில் அதில் 80 விழுக்காட்டையாவது பயன்படுத்தாவிட்டால் அது கைநழுவிவிடும். 2016இல் ஓமான் ஏர் அப்படி ஒரு ஜோடி நேரத்துக்கு 7.5 கோடி டாலர் கொடுத்ததாகச் செய்தி வந்தது. விட்டதைத் திரும்ப வாங்குவது எளிதல்ல.

அதே ஆண்டில் மிஹின் லங்கா என்ற அரசின் குறைந்த கட்டண விமான நிறுவனத்தையும் ஸ்ரீலங்கனோடு சேர்த்தார்கள். 2017 அக்டோபரில் மெல்பர்ன் சேவையைத் தொடங்கினார்கள். ஐரோப்பிய வழித்தடங்களிலிருந்து விடுபட்ட ஏ330 என்ற நீண்டதூர விமானத்துக்கு அது நல்ல வேலை என்பது என் கருத்து.

சென்னை வாசகர்: 2022இல் கொழும்பில் எண்ணெய் இல்லாதபோது நீண்டதூர விமானங்கள் எப்படிப் பறந்தன?

அந்த மாதங்களைப் பற்றி எவ்வளவு எழுதினாலும் எனக்குத் தீராது. ஒரு ஏ330 மெல்பர்ன் போக 60 டன்னுக்கு மேல் எரிபொருள் வேண்டும். அது கொழும்பில் கிடைக்காது. மெல்பர்னிலேயே இரு வழிக்கும் நிரப்பி வரலாமா என்றால் தொட்டியில் கொள்ளாது. ஆகவே கொழும்பிலிருந்து குறைந்த எண்ணெயோடு புறப்பட்டுத் திருவனந்தபுரத்தில் இறங்கினார்கள். மெல்பர்ன் இருப்பது தென்கிழக்கே, விமானம் முதலில் போவதோ வடமேற்கே சுமார் 350 கிலோமீட்டர். பயணிகள் இருக்கையிலேயே அமர்ந்திருக்க, இறக்கையடியில் எண்ணெய் வண்டி வந்து நிற்கும். நிரப்பியதும் மீண்டும் வானேறி, வந்த திசையிலேயே திரும்பவேண்டும். இதைத்தான் டெக்னிக்கல் லேண்டிங் என்கிறோம்.

இதற்காகக் கூடுதலாக ஒரு தரையிறக்கம், அதற்குக் கட்டணம், வானேற மறுபடி எண்ணெய். விமானிகளின் பணிநேர வரம்பையும் புதிதாகக் கணக்கிடவேண்டும். ஒரு கால அட்டவணைக்காரன் அன்றாடம் இதைக் கோத்துக்கொண்டிருந்தால் அவனுக்குத் தூக்கம் வந்திருக்காது. அந்த மேசையில் இருந்தவர்களை நான் மனதாரப் போற்றுகிறேன். திருவனந்தபுரமும் கொச்சியும் சென்னையும் அப்போது செய்த உதவி பெரிது.

குறுகிய தூரத்துக்கு வழி எளிது. சென்னையிலிருந்து கொழும்பு செல்லும் ஏ320 என்ற சிறிய ஜெட் விமானம் திரும்பி வரவும் வேண்டிய எண்ணெயைச் சென்னையிலேயே நிரப்பிக்கொள்ளும். இதற்கு டேங்கரிங் என்று பெயர். அதிகப்படி எண்ணெயைச் சுமக்கவே, அதில் மணிக்கு ஏறத்தாழ 3 முதல் 4 விழுக்காடு எரிந்துபோகும். ஒரு மணி நேரப் பயணத்தில் அது தாங்கக்கூடியது. பத்து மணி நேரத்தில் மூன்றில் ஒரு பங்கு போய்விடும்.

மதுரை வாசகர்: இலங்கை ரூபாய் சரிந்தபோது இந்திய ஊர்களை ஏன் குறைக்கவில்லை?

இந்திய ஊர்கள்தான் அவர்களுக்கு உயிர்மூச்சு. 2022 மார்ச்சில் டாலருக்கு 200 ரூபாய் அளவில் இருந்தது, மே மாதத்தில் 360ஐ எட்டியது. வாடகை, எண்ணெய், உதிரி பாகம் எல்லாம் டாலர். கொழும்பில் விற்கும் டிக்கெட் இலங்கை ரூபாயைத் தருகிறது. மதுரையிலோ திருச்சியிலோ விற்பது வெளிநாட்டுப் பணத்தைத் தருகிறது. சென்னையில் ஏறிக் கொழும்பில் மாறி மெல்பர்ன் போகும் பயணி இரண்டு விமானங்களின் இருக்கையை நிரப்புகிறார். நெருக்கடியில் ஒரு வழித்தடம் எவ்வளவு ஈட்டுகிறது என்பதோடு, எந்த நாணயத்தில் ஈட்டுகிறது என்றும் பார்க்கவேண்டும்.

யாழ்ப்பாண வாசகர்: எங்கள் பலாலி விமான நிலையத்துக்கு இண்டிகோ வருகிறது. எங்கள் சொந்த நாட்டு நிறுவனம் ஏன் வருவதில்லை அண்ணா?

உங்கள் ஆதங்கம் எனக்குப் புரிகிறது. 2024 செப்டம்பரிலிருந்து சென்னை-பலாலி சேவைக்கு இண்டிகோ கொண்டுவருவது ஏடிஆர் 72, சுழல்விசிறி விமானம், குறுகிய ஓடுபாதை அதற்குப் போதும். ஸ்ரீலங்கனிடம் இருப்பவை நீண்ட ஓடுபாதை வேண்டிய ஏ320 குடும்பமும் ஏ330உம் மட்டுமே. பலாலிக்காக இரண்டு ஏடிஆர் வாங்கினால் அதற்குத் தனி விமானிகள், தனிப் பயிற்சி, தனி உதிரி பாகக் கிடங்கு, தனி உரிமம் பெற்ற பொறியாளர்கள் வேண்டும். 2022க்குப் பிறகு இருந்த விமானிகளும் பொறியாளர்களுமே வெளிநாட்டுக்குப் போய்க்கொண்டிருந்த நிறுவனம் அது. நான் அந்த நாற்காலியில் இருந்தால் ஏடிஆர் கேட்கமாட்டேன். ஏ320 இறங்கும் அளவுக்குப் பலாலி ஓடுபாதையை நீட்டுங்கள் என்று அரசுக்குத்தான் எழுதுவேன்.