விசாரிக்க வருபவர்கள்

அன்புள்ள சார்,
திருவல்லிக்கேணியில் கோயிலை ஒட்டிய தெருவில் மூன்று தலைமுறையாக இருக்கிறோம். விவாகரத்துக்குப் பிறகு அம்மா வீட்டுக்கே வந்துவிட்டேன். ஐ.டி. வேலை, இரவு ஷிஃப்ட். அலுவலக வண்டியில் வந்து இறங்க மூன்று மணியாகும். தெருவில் கன்னாபின்னாவென்று பேச்சு. அதனால் இப்போது தெருமுனையிலேயே இறங்கி நடந்து வருகிறேன். தங்கைக்கு வரன் பார்க்கிறோம். "நீ சோழிங்கநல்லூர் பக்கம் தனியா வீடு பாத்துக்கோயேன்" என்கிறாள் அம்மா. போய்விடவா?
ஒரு வாசகி

அன்புள்ள வாசகிக்கு,
முதலில் வாசலில் இறங்குங்கள். அதற்குத்தான் வண்டி அனுப்புகிறார்கள். நடந்து வந்தால் "ஏன் முனையிலேயே இறங்குகிறாள்" என்று அடுத்த கதை ஆரம்பிக்கும்.

உங்கள் பேட்டையில்தான் ஐஸ் ஹவுஸ் இருக்கிறது, இன்றைய விவேகானந்தர் இல்லம். சகோதரி சுப்பலட்சுமி இளம் விதவைகளை அங்கே தங்கவைத்துப் படிக்கவைத்தார். அவரே சிறுவயதில் விதவையானவர், 1911ல் மாநிலக் கல்லூரியில் பட்டம் பெற்றவர். ஆசாரக்காரர்கள் அவரைத் தூற்றினார்கள். அப்படித் தூற்றிய சமூகத்திலிருந்துதான் பெண்களும் வந்து சேர்ந்தார்கள்.

சரி, உங்கள் அம்மாவுக்கு வருவோம். வம்புக்குப் பலம் எங்கிருந்து வருகிறது? கல்யாண விசாரணையிலிருந்துதான். ஜாதகம் பொருந்தி, பெண்ணும் பிடித்த பிறகு, பையனின் சித்தப்பா யாராவது விலாசம் கேட்கிற சாக்கில் உங்கள் கீழ்வீட்டில் வந்து உட்காருவார். "நல்ல குடும்பம்தான்... பெரியவதான்..." என்று மாமி இழுத்தால் போதும். அம்மா பயப்படுவது அந்த ஒரு இழுப்புக்கு. உங்கள் மேல் அவருக்குச் சந்தேகம் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

சோழிங்கநல்லூர் போனாலும் சித்தப்பா திருவல்லிக்கேணிக்குத்தான் வருவார். "பெரியவ எங்கே?" என்பார். அங்கே அடுக்குமாடியில் மட்டும் என்ன, நீங்கள் வந்துபோகும் நேரமெல்லாம் செக்யூரிட்டியின் செயலியில் பதிவாகும். (நள்ளிரவில் அம்மாவுக்கு நெஞ்சுவலி என்றால் ஆட்டோவோடு ஓடிவரப்போவதும் அநேகமாக அதே மாமிதான். அதையும் சொல்லியாக வேண்டும்.)

ஆகவே மாமிக்கு முன்னால் நீங்கள் முந்திக்கொள்ளுங்கள். ஜாதகம் கொடுக்கும்போதே சொல்லிவிடலாம்: பெரியவளுக்கு விவாகரத்து ஆகிவிட்டது, இரவு ஷிஃப்ட், எங்களோடுதான் இருக்கிறாள். சில இடங்கள் தட்டிப்போகும். போகட்டும், அந்த வீடுகளில் வாழ்க்கைப்பட்டால் உங்கள் தங்கைதான் காலமெல்லாம் இதைக் கேட்டுக்கொண்டிருக்க வேண்டும். ஆனால் இதை அம்மாதான் தன் வாயாலேயே சொல்ல வேண்டும். நீங்கள் கேட்டால் சம்மதிக்க மாட்டார். தங்கையை விட்டுப் பேசச் சொல்லிப் பாருங்கள்.