ஹோப்பி மொழியில் காலமே இல்லையாமே, உண்மையா? ஒரு மொழி நம் காலத்தை மாற்றுமா?

கேட்டவர் சொல்வது இதுதான்: அமெரிக்கப் பழங்குடியினரான ஹோப்பிகளின் மொழியில் காலத்தைக் குறிக்க எதுவுமே இல்லை, அதனால் அவர்கள் நேற்று, இன்று, நாளை என்று பிரிக்காமல் வாழ்கிறார்கள் என்று எங்கோ படித்திருக்கிறார். அப்படியொரு மொழியைக் கற்றால் நமக்கும் காலம் வேறு மாதிரி ஓடுமா என்பது அவர் கேள்வி. எதிர்கால வினை உள்ள மொழிக்காரர்கள் குறைவாகச் சேமிப்பார்களாமே என்றும் கேட்டிருக்கிறார்.

காலத்தை எந்த மொழியும் தொடுவதில்லை. காலத்தை நாம் மனசுக்குள் அளக்கும் விதத்தில் மட்டும் மொழி கொஞ்சம் கை வைக்கிறது, அதுவும் எப்போதும் இல்லை. அதற்கு அப்புறம் வருகிறேன். முதலில் ஹோப்பி கதையை முழுசாகச் சொல்ல வேண்டும். மொழியியல் படித்த நாளிலிருந்து எனக்கு இதில் ஆதங்கம் உண்டு. உயிரோடிருக்கும் ஒரு சமூகத்துக்கு ‘காலம் அறியாதவர்கள்’ என்று பட்டம் கட்டிய கதை இது.

இதைச் சொன்னவர் பெஞ்சமின் லீ வோர்ஃப். ஹார்ட்ஃபோர்ட் நகரில் ஒரு தீ விபத்துக் காப்பீட்டு நிறுவனத்தில் வேலை பார்த்துக்கொண்டே மொழியியல் ஆராய்ந்தவர். யேல் பல்கலைக்கழகத்தில் எட்வர்ட் சபீரிடம் படித்தார். ஹோப்பி மொழியைப் பெரும்பாலும் நியூயார்க்கில் வசித்த ஒரு ஹோப்பி மனிதரிடம் கேட்டுத்தான் தெரிந்துகொண்டார். நாம் காலம் என்று சொல்வதை நேரடியாகக் குறிக்கும் சொல்லோ இலக்கண வடிவமோ அந்த மொழியில் இல்லை என்று அவர் ஒரு கட்டுரையில் எழுதியது 1936 வாக்கில். ஹோப்பிகளின் ஊருக்கே போனது 1938இல்தான். 1941இல், 44 வயதில் இறந்துவிட்டார். அந்தக் கட்டுரை அச்சில் வந்ததே 1950இல். அதன்பின் அது வாய்வழியாகப் பெருகி, வோர்ஃப் எழுதியதைவிடப் பெரிய கதையாகிவிட்டது.

ஹோப்பிகள் யார்? வட அரிசோனாவின் வறண்ட மேட்டுநிலத்தில் மக்காச்சோளம் விளைவிக்கிறவர்கள். அங்கே உறைபனி இல்லாத மாதங்கள் குறைவு. விதைப்பு தள்ளிப்போனால் கதிர் முற்றுவதற்குள் பனி வந்துவிடும். அதனால் கீழ்வானத்தில் சூரியன் எந்த மேட்டில், எந்த இடைவெளியில் உதிக்கிறது என்று நாள்தோறும் கவனித்து, விதைக்கும் நாளையும் சடங்கு நாளையும் குறித்துச் சொல்லும் பொறுப்பு ஊரில் சிலருக்கு இருந்தது. குளிர்காலத்தில் சூரியன் தென்கோடிக்குப் போய்த் திரும்பும் சமயத்தில் சோயால் என்ற சடங்கு நடக்கும். பிழைப்பே நாள் பார்ப்பதில் இருக்கிற மக்களைப் பற்றித்தான் இப்படிச் சொல்லிவிட்டார்கள்!

எக்கேஹார்ட் மலோட்கி என்ற மொழியியலாளர் ஹோப்பிகளோடு பல ஆண்டுகள் வேலை செய்து, 1983இல் இதற்காகவே 600 பக்கங்களுக்கு மேல் ஒரு நூல் எழுதினார். நாள், மாதம், பொழுது, வருங்காலத்தைக் காட்டும் விகுதி என்று அவர் தொகுத்தவை பக்கம் பக்கமாகப் போகின்றன. இறந்தகாலத்தையும் நிகழ்காலத்தையும் வினையில் பிரிக்காமல், வரப்போவதை மட்டும் தனியாகக் காட்டும் மொழி அது. உலகத்தில் இது அப்படியொன்றும் அரிதில்லை.

வோர்ஃப் பக்கமும் ஒன்று சொல்லியாக வேண்டும். ஹோப்பிகளை அவர் தாழ்த்தி எழுதவில்லை. உலகில் காணும் எல்லாவற்றையும் சரியாக விவரிக்கும் வல்லமை அந்த மொழிக்கு உண்டு என்றே எழுதினார். ஐரோப்பிய மொழிகளின் பார்வைதான் ஒரே பார்வை என்று நினைக்காதீர்கள் என்பதுதான் அவர் வாதம். அந்த வாதம் எனக்கு இன்றும் பிடிக்கும். அதற்கு அவர் கொடுத்த சான்றுதான் நிற்கவில்லை.

சரி, மொழி ‘கொஞ்சம் கை வைக்கிறது’ என்றேனே, அதற்கு வருகிறேன். எனக்குத் தெரிந்தவரை உங்கள் கேள்விக்கு மிக நெருக்கமான சோதனை 2017இல் வந்தது. செய்தவர்கள் பைலண்டும் அதனசோபௌலோஸும். நேரத்தை ஸ்வீடிஷ்காரர்கள் ‘நீளம்’ என்றும் ஸ்பானிஷ்காரர்கள் ‘நிறைய’ என்றும் சொல்வது வழக்கம். திரையில் ஒரு கோடு நீள்வதையும் ஒரு பாத்திரம் நிரம்புவதையும் காட்டி, எவ்வளவு நேரம் ஆனது என்று கேட்டார்கள். கோட்டின் நீளம் ஸ்வீடிஷ்காரர்களின் கணிப்பைக் குழப்பியது. பாத்திரம் நிரம்பிய அளவு ஸ்பானிஷ்காரர்களைக் குழப்பியது. இரண்டு மொழியும் தெரிந்தவர்களிடம் எந்த மொழியில் கேட்கிறார்களோ அதற்கேற்பக் குழப்பமும் மாறியது. ஒரே ஆள், அதே திரை, ஆனால் கணிப்பு வேறு! முதலில் படித்தபோது அந்தப் பகுதியைத் திரும்பத் திரும்பப் படித்தேன். ஆனால் வித்தியாசம் நுட்பமாக இருந்த கடினமான கணிப்புகளில்தான் இப்படி நடந்தது. சோதனையில் நேரத்தைக் கணிக்கச் சொல்லும் சொற்குறிப்பை எடுத்துவிட்டதும் விளைவும் போய்விட்டது.

ஆஸ்திரேலியாவின் பொர்ம்புராவ் ஊரில் கூக் தாயோர் மொழி பேசுகிறவர்கள் இடது, வலதுக்குப் பதிலாகத் திசைகளைச் சொல்லிப் பேசுகிறார்கள். ஒரு மனிதர் முதுமையடையும் படங்களை வரிசைப்படுத்தச் சொன்னால், தாங்கள் எந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்திருந்தாலும் கிழக்கிலிருந்து மேற்காக அடுக்கும் போக்கு அவர்களிடம் தெரிந்தது (2010). காலம் நம்முடையதுதான், அதை அடுக்கும் திசை வேறு.

சேமிப்பு விஷயம் கீத் சென் என்ற பொருளியலாளர் 2013இல் வெளியிட்டது. நிறைய செய்திகளில் வந்தது அதுதான். 2015இல் ராபர்ட்ஸ், வின்டர்ஸ் இருவரோடு சேர்ந்து அவரே அதை மறுபடி சோதித்தார். ஒரே குடும்பத்து மொழிகள் பண்பாட்டாலும் ஒன்றுபட்டிருக்கும் என்பதைக் கணக்கில் எடுத்ததும் அந்தத் தொடர்பு வலுவிழந்தது. முதல் ஆய்வை உங்களுக்கு அனுப்பியவர் யாராக இருந்தாலும், இந்த இரண்டாவதையும் அவருக்கு அனுப்பிவையுங்கள்.